ஸ்வெத்லானா: பேத்திக்கு வைக்கலாமா இந்தப் பெயரை?

கேள்வி: ரஷ்யாவில் மருத்துவம் படிக்கச் சென்ற என் மகன் அங்கேயே பணியில் சேர்ந்து, உடன் படித்த ரஷ்யப் பெண்ணை மணந்துகொண்டான். சென்ற வாரம் அவர்களுக்குப் பெண் குழந்தை பிறந்தது. மறைந்த தன் தாயாரின் பெயரான ‘ஸ்வெட்லானா’வையே குழந்தைக்கு வைக்க வேண்டும் என்று மருமகள் விரும்புகிறாள். இது கிறிஸ்தவப் பெயரா, என்ன பொருள் என்று உறவினர்கள் கேட்கிறார்கள். ஒரு பேய்க்கதையிலிருந்து வந்த பெயர் இது என்று ஒருவர் சொல்லி என் மனத்தைக் குழப்பிவிட்டார். ‘ஸ்வேதா’ என்று மாற்றிவிட்டால் இரு வீட்டுக்கும் பொதுவாக இருக்கும் என்பது இன்னொருவர் யோசனை. தமிழில் இதை எப்படி எழுதுவது? தந்தை பெயரை எப்படிச் சேர்ப்பது? (ஒரு வாசகி, மதுரை)

பதில்: பேத்தி பிறந்ததற்கு முதலில் என் வாழ்த்துகள். பாட்டியின் பெயரைப் பேத்திக்கு இட வேண்டும் என்று உங்கள் மருமகள் விரும்புவது நமக்குப் புதிதல்ல. பெயரன் என்பதே பேரன் ஆயிற்று, பெயர்த்தி என்பதே பேத்தி ஆயிற்று என்பதை உங்கள் உறவினர்களுக்கு நினைவூட்டலாம்.

பொருளில் எந்தச் சிக்கலும் இல்லை. ரஷ்ய மொழியில் ‘ஸ்வெத்’ என்றால் ஒளி. அதிலிருந்து வந்த ‘ஸ்வெத்லி’ என்ற பெயரடைக்கு ஒளி மிகுந்த, தெளிந்த, வெளிர்நிறமான என்று பல சாயல்கள் உண்டு. அதனுடன் பெண்பால் விகுதி சேர்ந்ததுதான் ஸ்வெத்லானா, அதாவது ‘ஒளி பொருந்தியவள்’. அதே ‘ஸ்வெத்’ என்ற சொல் ரஷ்யனில் உலகத்தையும் குறிக்கும் என்பது இதில் இன்னும் சுவையான செய்தி. ஒரு நூல் வெளிவந்தால் அது ‘ஸ்வெத்துக்கு வந்தது’ என்பார்கள். உலகம் அழியும் நாளை ‘ஸ்வெத்தின் முடிவு’ என்பார்கள். ஒளி படுகிற இடமெல்லாம் உலகம் என்ற பழைய பார்வை அந்தச் சொல்லுக்குள் இன்னும் இருக்கிறது.

உறவினர் ஒருவர் ‘ஸ்வேதா’ என்றது, அவர் அறிந்து சொன்னாரோ இல்லையோ, முற்றிலும் தற்செயலான ஒலி ஒற்றுமை அன்று. சமஸ்கிருதத்தில் வெண்மையைக் குறிக்கும் ‘ஸ்வேத’ என்ற சொல்லும் ஸ்லாவிய மொழிகளில் ஒளியைக் குறிக்கும் ‘ஸ்வெத்’ என்ற சொல்லும் ஒரே இந்தோ ஐரோப்பிய வேரில் கிளைத்தவை என்பது மொழியியலாளர் ஏற்றுக்கொண்ட முடிவு. அந்த வேரிலிருந்து ஒரு கிளை வெண்மைக்கும் இன்னொரு கிளை ஒளிக்கும் சென்றது எப்படி என்று வியக்கத் தேவையில்லை. தமிழில் ‘வெள்’ என்ற அடியிலிருந்து வெள்ளையும் வெளிச்சமும் வந்திருப்பதைப் பார்த்தால் போதும். ஆயினும் வேர் ஒன்று என்பதால் பெயர் ஒன்றாகிவிடாது. ஸ்வேதா என்று பதிவு செய்தால் அது வேறொரு பெயர்தான். மருமகள் தாயின் பெயரை இட்டதாக அவள் மனம் ஏற்காது. அதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

வேறொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடுகிறேன், ஏனெனில் பெயர்ப்பொருள் சொல்லும் பட்டியல்களில் இந்தப் பிழையைக் காண முடிகிறது. ‘ஸ்வ்யத்’ என்று தொடங்கும் ஸ்வ்யதஸ்லாவ் போன்ற பெயர்களில் இருப்பது ‘புனிதம்’ என்று பொருள்படும் வேறொரு வேர். ஒளிக்கும் அதற்கும் தொடர்பில்லை. பெலாரூஸ் மொழியில் இந்தப் பெயரை ‘ஸ்வ்யத்லானா’ என்று எழுதுவதால் மயக்கம் கூடுகிறது. அழுத்தம் பெறும் அசைக்கு முந்திய அசையில் எகர ஒலி யகரத்தோடு கூடிய அகரமாக மாறுவது அம்மொழியின் இயல்பு, அவ்வளவுதான். பொருள் அங்கும் ஒளியே. உக்ரேனியர் ‘ஸ்வித்லானா’ என்பர். பல்கேரியாவில் சுருக்கமாக ‘ஸ்வெத்லா’ என்ற பெயரும் வழக்கில் உண்டு.

இனி அந்தப் ‘பேய்க்கதை’க்கு வருகிறேன். உங்களிடம் சொன்னவர் பொய் சொல்லவில்லை, ஆனால் பாதியில் நிறுத்திவிட்டார். ஸ்வெத்லானா என்பது பழைய ஸ்லாவியர் இட்டு வழங்கிய பெயராகத் தோன்றினாலும், அது கவிஞர்கள் புனைந்த பெயர். அலெக்சாந்தர் வஸ்தோகவ் 1802இல் எழுதிய ஒரு கதைப்பாடலில் அதை முதன்முதலில் பயன்படுத்தினார். அதைப் பரவச் செய்தவர் வசீலி ஷுக்கோவ்ஸ்கி. ‘ஸ்வெத்லானா’ என்ற தலைப்பிலேயே அவர் எழுதிய கதைப்பாடல் 1813இல் அச்சேறியது. இறந்த காதலன் இரவில் குதிரையேறி வந்து காதலியைக் கல்லறைக்கு அழைத்துச் செல்லும் ஜெர்மன் கதைப்பாடல் ஒன்று அப்போது ஐரோப்பா முழுதும் புகழ்பெற்றிருந்தது. ஷுக்கோவ்ஸ்கி அதை ரஷ்ய மண்ணுக்குக் கொண்டுவந்து, முடிவை மாற்றினார்.

பாடல் தொடங்குவது ஒரு பனிக்கால இரவில். இயேசுவின் திருமுழுக்குத் திருநாளுக்கு முந்திய மாலை, இன்றைய நாட்காட்டியில் ஜனவரி 18. மணமாகாத பெண்கள் கூடி வருங்காலம் பார்க்கிறார்கள். காலில் இருந்த செருப்பைக் கழற்றி வாசற்கதவுக்கு வெளியே வீசுகிறார்கள். அதன் முனை எந்தத் திசையைக் காட்டுகிறதோ அந்தத் திசையிலிருந்து மாப்பிள்ளை வருவான். எண்ணி வைத்த தானியத்தைக் கோழிக்குப் போடுகிறார்கள், மெழுகை உருக்குகிறார்கள், தெளிந்த நீர் நிறைந்த கிண்ணத்தில் பொன் மோதிரமும் மரகதத் தோடும் இட்டு, அதன்மேல் வெண்துணி விரித்துப் பாடுகிறார்கள். ஸ்வெத்லானா மட்டும் கலந்துகொள்ளாமல் வாடியிருக்கிறாள். தொலைவு சென்ற காதலனிடமிருந்து ஓர் ஆண்டாகச் செய்தி இல்லை. இரவில் மேசையில் இருவருக்கு உணவுத் தட்டு வைத்து, மெழுகுவத்தியும் கண்ணாடியுமாகத் தனியே அமர்கிறாள். காதலன் வருகிறான், பனிச்சறுக்கு வண்டியில் அழைத்துப் போகிறான், வழியில் தேவாலயத்துக்குள் சவப்பெட்டி தெரிகிறது, பிறகு குடிசை ஒன்றில் அவனையே பிணமாகக் காண்கிறாள். பிணம் எழுந்திருக்க முயல, வெண்புறா ஒன்று பறந்து வந்து அவளைக் காக்கிறது.

அங்கேயே கதையை நிறுத்தினால் அது பேய்க்கதைதான். ஆனால் அந்த இடத்தில் அவள் கண் விழிக்கிறாள். விடிந்திருக்கிறது, கண்டதெல்லாம் கனவு. வாசலில் மணியோசை கேட்கிறது. உயிரோடும் மாறாத அன்போடும் காதலன் வந்து நிற்கிறான். இந்தக் கொடுங்கனவுகளை நீ ஒருபோதும் அறியாதிருப்பாயாக என்றும், அவள் வாழ்வெல்லாம் ஒளியாக இருக்கட்டும் என்றும் வாழ்த்திக் கவிஞர் முடிக்கிறார். அந்த ‘ஒளியாக’ என்ற இடத்தில் அவர் போட்டிருக்கும் ரஷ்யச் சொல் ‘ஸ்வெத்லா’. பெயரை அதன் பொருளாக விரித்து அவளுக்கே ஆசியாகத் திருப்பித் தருகிறார். தமக்குச் சகோதரி மகள் முறையான அலெக்சாந்திரா என்ற பெண்ணுக்குத் திருமணப் பரிசாக அவர் அளித்த பாடல் அது என்பதையும் சேர்த்துச் சொன்னால், அபசகுனம் என்ற பேச்சு உங்கள் வீட்டில் எழாது என்று நம்புகிறேன். இதே பாடலின் வரிகளைத்தான் புஷ்கின் தம் ‘யெவ்கேனி அனேகின்’ காவியத்தின் ஐந்தாம் இயலுக்கு முகப்பு வாசகமாக வைத்தார்.

கிறிஸ்தவப் பெயரா என்ற கேள்விக்கான விடையும் இந்த வரலாற்றிலேயே இருக்கிறது. ரஷ்ய மரபுவழித் திருச்சபையில் குழந்தைக்குப் புனிதர் பட்டியலில் உள்ள பெயரையே ஞானஸ்நானத்தில் இடுவர். கவிஞர் புனைந்த பெயர் அந்தப் பட்டியலில் எப்படி இருக்கும்? ஆகவே புரட்சிக்கு முன்பு இந்தப் பெயர் ஊரெங்கும் தெரிந்திருந்தும், அதை முறைப்படி தாங்கிய பெண்கள் அரிதாகவே இருந்தனர். போர்க்கப்பலுக்கு ஸ்வெத்லானா என்று பெயர் வைத்தார்கள் (அப்பெயர் தாங்கிய கப்பல் ஒன்று 1905இல் சுஷிமா கடற்போரில் மூழ்கியது), மின்விளக்குக்கும் வைத்தார்கள், மகளுக்கு வைக்கப் பாதிரியார் இடம் கொடுக்கவில்லை. 1917 டிசம்பரில் வந்த ஆணையின்படி பிறப்புப் பதிவு திருச்சபையிடமிருந்து அரசு அலுவலகத்துக்கு மாறிய பிறகே இந்தப் பெயருக்குக் கதவு திறந்தது. இன்று ஸ்வெத்லானா என்ற பெயருடைய பெண் தேவாலயத்துக்குச் சென்றால், கிரேக்கத்தில் ஒளி என்றே பொருள்படும் ‘ஃபத்தீனா’ என்ற புனிதையின் பெயரில் ஞானஸ்நானம் பெறுவாள். யோவான் நற்செய்தியில் கிணற்றடியில் இயேசுவிடம் பேசும் சமாரியப் பெண்ணுக்கு மரபு தந்த பெயர் அது. ஏப்ரல் 2 அவளுடைய நாள். எனவே பெயருக்கு மதம் இல்லை. மதம் வேண்டுபவர்களுக்கு அதற்கு இணையான ஒரு புனிதப் பெயர் இருக்கிறது, அவ்வளவே.

புரட்சிக்குப் பின் இப்பெயர் பெருகிய வேகம் வியப்பூட்டுவது. ஸ்டாலின் 1926இல் பிறந்த தம் மகளுக்கு இதையே வைத்தார். அந்த ஸ்வெத்லானா அலிலூயெவாதான், தம் இந்தியத் துணைவர் பிரஜேஷ் சிங்கின் அஸ்தியைக் கரைக்க 1966 டிசம்பரில் இந்தியா வந்து, சில காலம் உத்தரப் பிரதேசத்துக் காலாகாங்கரில் தங்கி, 1967 மார்ச்சில் டெல்லி அமெரிக்கத் தூதரகத்துக்குள் நடந்து சென்று அடைக்கலம் கேட்டவர். 1984இல் விண்கலத்துக்கு வெளியே வந்து பணியாற்றிய முதல் பெண்ணான சவீத்ஸ்கயாவும், 2015இல் இலக்கிய நோபல் பெற்ற அலெக்சியேவிச்சும் ஸ்வெத்லானாக்களே. ஆனால் ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும்: 1950களிலிருந்து 1970கள் வரை வகுப்புக்கு இரண்டு மூன்று பேராக இருந்த பெயர் இது, இன்றைய ரஷ்யப் பெற்றோர் அதிகம் வைப்பதில்லை. இங்கே ஒரு கைக்குழந்தையைச் சரோஜா என்று அழைத்தால் நம் காதுக்கு எப்படி இருக்குமோ, அங்கே கிட்டத்தட்ட அப்படி இருக்கும். பாட்டியின் பெயர் என்ற காரணம் இருக்கும்போது இதைக் குறையாகக் கருத வேண்டியதில்லை என்பது என் கருத்து.

தமிழில் எழுதும்போது ‘ஸ்வெட்லானா’வைவிட ‘ஸ்வெத்லானா’ மேல். ரஷ்யரின் ‘த’ நாக்கு பல்லைத் தொட்டுப் பிறப்பது. நம் தகரத்துக்கு மிக அருகில் இருக்கிறது. ஆங்கில எழுத்தைப் பார்த்து டகரம் போடுவது நம் பழக்கம், ஆனால் ஆங்கிலத்துக்கு இல்லாத வசதி தமிழுக்கு இருக்கும்போது அதை ஏன் கைவிட வேண்டும்? கிரந்த எழுத்து வேண்டாம் என்பவர்கள் ‘சுவெத்லானா’ எனலாம். சொல்லும்போது அழுத்தம் ‘லா’வில் விழ வேண்டும், முதல் அசை சற்றே மங்கி ‘ஸ்வித்’ போலவும், கடைசி ஆகாரம் குறுகியும் ஒலிக்கும். செல்லமாக ‘ஸ்வேத்தா’ என்பார்கள், அப்போது அழுத்தம் முதல் அசைக்குத் தாவிவிடும். இன்னும் கொஞ்சம் கொஞ்சினால் ‘ஸ்வேத்தச்கா’. ‘ஸ்வேத்கா’ என்பதை மட்டும் நெருங்கிய தோழிகளுக்கு விட்டுவிடுங்கள். மற்றவர் வாயில் அது மரியாதைக் குறைவாகப் படும். ஆக, ஸ்வேதா என்று கூப்பிட ஆசைப்படும் உறவினர் வீட்டில் தாராளமாக அப்படியே கூப்பிடலாம். மருமகளின் காதில் அது அவள் அறிந்த செல்லப்பெயராகவே விழும். சான்றிதழில்தான் முழுப்பெயர் இருக்க வேண்டும்.

தந்தை பெயர் விஷயத்தில் நீங்கள் நினைப்பதைவிட வழி எளிது. ரஷ்யாவில் ஒருவருடைய பெயருக்கும் குடும்பப் பெயருக்கும் நடுவே தந்தைவழிப் பெயர் வரும். தந்தை முருகன் என்றால் மகள் முருகனவ்னா. தந்தை ரவி என்றால் ரவியெவ்னா. அவள் வளர்ந்து ஆசிரியையோ மருத்துவரோ ஆனால், மரியாதையாக அழைப்பவர்கள் ‘ஸ்வெத்லானா முருகனவ்னா’ என்பார்கள். நம் ஊரில் ‘மு. ஸ்வெத்லானா’ என்று எழுதுவதும் இதே வேலையைத்தான் செய்கிறது. ஓர் எழுத்தில் நாம் முடிப்பதை அவர்கள் விகுதி சேர்த்து முழுதாகச் சொல்கிறார்கள். அந்நாட்டுக் குடும்பச் சட்டம் தேசிய வழக்கத்தின் அடிப்படையில் இதற்கு விலக்கும் தருகிறது. ஆனாலும் அங்கே வளரப்போகும் பெண்ணுக்கு அது இருப்பதே நல்லது. பள்ளியில் மற்றப் பிள்ளைகள் அனைவருக்கும் இருக்கும்.

பதிவுக்கு மகனிடம் இரண்டு செய்திகளைச் சொல்லுங்கள். பிறந்த ஒரு மாதத்துக்குள் அங்குள்ள குடிமைப் பதிவு அலுவலகத்தில், ‘ஸாக்ஸ்’ என்று அவர்கள் அழைக்கும் இடத்தில், விண்ணப்பிக்க வேண்டும். அப்போது தந்தையின் பெயரை ரஷ்ய எழுத்தில் எழுதுவது அவருடைய பிற ரஷ்ய ஆவணங்களில் உள்ளபடியே இருக்க வேண்டும், ஏனெனில் குழந்தையின் தந்தைவழிப் பெயர் அந்த எழுத்திலிருந்துதான் உருவாகும். அடுத்தது ஆங்கில எழுத்து. ரஷ்யக் கடவுச்சீட்டு இரண்டாம் எழுத்தாக ‘வி’யையே போடும், ‘டபிள்யூ’ போட்டு எழுதும் ஜெர்மன் வழக்கமும், மூன்றாம் எழுத்தை ‘ஐ’ ஆக்கும் உக்ரேனிய வடிவமும் இங்குள்ள படிவங்களில் நுழைந்துவிடக் கூடும். தந்தைவழிப் பெயர் ரஷ்யக் கடவுச்சீட்டில் ரஷ்ய எழுத்தில் மட்டுமே இருக்கும், ஆங்கில வரியில் இராது; எனவே இந்தியாவில் எந்தப் படிவம் நிரப்பினாலும் அந்த ஆங்கில வரியை எழுத்துக்கு எழுத்து பார்த்தே நிரப்பச் சொல்லுங்கள்.