அம்மாவின் சீலைகளை வெட்டலாமா?

அன்புள்ள அக்கா,

அம்மாவின் ஆண்டுத்திவசம் முடிந்துவிட்டது. நாலு நூல்சீலையும் இரண்டு நைலெக்ஸ் சீலையும் அப்பாவின் பழைய சாரங்களும் அலுமாரியில் கிடக்கின்றன. 1995 இடம்பெயர்வில் அம்மா பையில் கொண்டுபோன நூல்சீலையும் அதில் ஒன்று. எல்லாவற்றிலும் துண்டு எடுத்து ஒரு போர்வை தைக்க ஆசை. கனடாவில் இருக்கும் என் அக்கா, "அம்மாவின் சீலையில் கத்தரிக்கோல் வைக்காதை" என்கிறா. வெட்டலாமா? எப்படித் தொடங்குவது?

ஒரு வாசகி, கோண்டாவில்

அன்புள்ள தங்கைக்கு,

வெட்டுங்கள். அதற்கு முன் அக்காவிடம் ஒரு கணக்கைச் சொல்லுங்கள். ஒற்றைக் கட்டில் போர்வைக்கு 60 அங்குல அகலமும் 90 அங்குல நீளமும் போதும். தைத்த பிறகு 5 அங்குலச் சதுரமாக வர, நாலு பக்கமும் கால் அங்குலம் விட்டு ஐந்தரை அங்குலமாக வெட்ட வேண்டும். அப்படி 216 துண்டு தேவை. 45 அங்குல அகலச் சீலையில் ஒரு மீற்றருக்கு 56 துண்டு வரும். ஆக, நாலு நூல்சீலையிலும் ஒவ்வொரு மீற்றர் எடுத்தாலே காணும். சாரங்களையும் சேர்த்தால் அதைவிடக் குறைவு. இடுப்பில் சொருகும் உள்முனையில் எடுங்கள். முந்தானையில் கை வைக்கத் தேவையில்லை. முழுச் சீலையும் போய்விடும் என்றுதான் அக்கா பயப்படுகிறா போலிருக்கிறது. மிச்சத்தில் அவவுக்கும் ஒரு போர்வை தைக்கலாம்.

அலுமாரியில் இருந்தால் பத்திரம் என்பதும் சரியில்லை. வருடக்கணக்காக ஒரே மடிப்பில் கிடக்கும் துணி அந்த மடிப்போடேயே இற்றுப்போகும். மாரி ஈரத்தில் கறுப்புப் புள்ளியும் விழும்.

அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் ஜீஸ் பெண்ட் என்றொரு கிராமம். அங்கே மிசூரி பெட்வே என்ற பெண் 1942 இல், கணவர் இறந்த பின் அவருடைய வேலையுடுப்புகளைக்கொண்டு ஒரு போர்வை தைத்தார். தேய்ந்த இடங்களையும் கறைகளையும் அவர் ஒதுக்கவில்லை. அதைப் படத்தில் பார்க்கும்போது உடுத்தவரே தெரிகிறார். நீங்களும் அப்பாவின் சாரத்தில் நல்ல பகுதியாகத் தேடித்தேடி எடுக்காதீர்கள். மங்கின துண்டும் வரட்டும். மெலிந்திருந்தால் பின்னால் இன்னொரு துணி வைத்துத் தையுங்கள்.

நைலெக்ஸ் செயற்கை இழை, அதை இதில் கலக்க வேண்டாம். நூல்துணிக்கு வைக்கும் சூட்டில் அது உருகும், தைத்த இடமும் சுருங்கி இழுக்கும். எது நூல், எது கலப்பு என்று சந்தேகம் வந்தால் ஓர் இழையை உருவிக் கொளுத்திப் பாருங்கள். நூல் கடதாசிபோல எரிந்து சாம்பலாகும். செயற்கை இழை உருகி உருண்டையாகும்.

எங்கள் வெக்கைக்குள் பஞ்சு வைக்கத் தேவையில்லை. வங்காளத்துப் பெண்கள் காந்தா தைப்பதுபோல, மேல்துணிக்கு அடியில் பழைய மெல்லிய நூல்துணி இரண்டு படை வைத்து, ஊசியை மேலும் கீழுமாக நேராக ஓட்டிக்கொண்டு போனால் போதும். மார்கழிப் பனிக்கு அதுவே தாங்கும்.

அந்த 95 சீலையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். போருக்குப் பயந்து அந்த ஒக்டோபர் 30 இரவு யாழ்ப்பாணத்து வலிகாமமே எழும்பி நடந்தது. அன்றைக்கு ஒரு பைக்குள் அடங்கினதுதான் பலருக்கு மிஞ்சியது. அதை மற்றச் சீலைகளைப்போல ஐந்து அங்குலத் துண்டுகளாக்க எனக்கு மனம் வரவில்லை. 15 அங்குலச் சதுரமாக ஒரே துண்டு எடுத்து, ஒன்பது துண்டு வரும் இடத்தில் நடுவே வையுங்கள். வெட்டும்போது அதற்கும் சுற்றிவரக் கால் அங்குலம் விடுங்கள். அந்தச் சீலையை விட்டால் குறையும் சின்னத் துண்டுகளைச் சாரங்களில் எடுத்துக்கொள்ளலாம். பின்பக்கத்தில் ஆண்டையும் அம்மாவின் பெயரையும் நூலால் தைத்துவிடுங்கள். பேரப்பிள்ளைகள் கேட்கும்போது சொல்ல நாங்கள் இருக்க மாட்டோம்.

சரி, தொடக்கம். எல்லாத் துணியையும் முதலில் தோய்த்துக் காயவையுங்கள். சுருங்குவதெல்லாம் வெட்டுவதற்கு முன்பே சுருங்கட்டும். சாயம் போகும் சீலையை ஈர வெள்ளைத்துணியால் தேய்த்தால் கண்டுபிடிக்கலாம். பிறகு அப்பாவின் சாரம் ஒன்றில் ஒன்பது சதுரம் மட்டும் வெட்டித் தைத்துப் பழகுங்கள். மூலைகள் ஒன்றோடொன்று சரியாகச் சந்திக்கத் தொடங்கின பிறகு சீலைக்குப் போகலாம்.