வாய்தாக் கணக்கு யாரிடம் இருக்கிறது?

இந்த முறையும் பாதிக் கடிதங்கள் குடும்ப நீதிமன்றத் தாமதம் பற்றித்தான். வழக்கு எந்த நிலையில் இருக்கிறது என்றுகூடச் சொல்லாமல் "சார், என்ன பண்ணலாம்?" என்று ஒற்றை வரியில் கேட்டவர்களை ஒதுக்கிவிட்டேன்.

இடைக்கால ஜீவனாம்ச மனு போட்டு ஒரு வருஷம் ஆகிறது. கெடு ஏதும் கிடையாதா? (தண்டையார்பேட்டை)

உண்டு. இந்து திருமணச் சட்டம் 24-வது பிரிவுப்படி, நோட்டீஸ் சேர்ந்ததிலிருந்து 60 நாள், ஆனால் "இயன்றவரை". முதலில் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்ததா பாருங்கள். சொத்து, வருமானப் பிரமாணப் பத்திரம் நீங்கள் போட்டீர்களா? 2020-ல் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் இரண்டு பேருமே போட வேண்டும் என்று சொல்லிவிட்டது. மனுப் போட்ட தேதியிலிருந்துதான் தொகை கணக்கு, அது ஒரு ஆறுதல்.

ஹைகோர்ட்டில் மனுப் போட்டால் கீழே வழக்கு நின்றுவிடும்தானே? (காசிமேடு)

நிற்காது. தடை உத்தரவு கையில் வேண்டும்.

விவாகரத்து வழக்கு நாலு வருஷமாக இழுக்கிறது. 227-ல் போய் "மூணு மாசத்தில் முடி" என்று ஆர்டர் வாங்கித் தருவீர்களா? (வியாசர்பாடி)

இதைக் கேட்காத வாரமே இல்லை. குடும்ப கோர்ட்டும் ஹைகோர்ட் வளாகத்துக்குள்ளேயே இருப்பதால், நாலு எட்டு வைத்துப் போய்ப் புகார் சொல்லிவிட்டு வந்துவிடலாம் என்று நினைக்கிறார்கள். அரசியல் சாசனம் 227 கீழ் கோர்ட்டுகள் மேல் ஹைகோர்ட்டுக்கு மேற்பார்வை அதிகாரம் தருகிறது, சரி. நோட்டீஸ் சேர்ந்த ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்று இந்து திருமணச் சட்டம் 21பி பிரிவும் சொல்கிறது. ஆனால் கீழ் கோர்ட்டுக்குக் கெடு வைப்பது அபூர்வமான சூழலில் மட்டுமே இருக்க வேண்டும் என்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. உங்களுக்கு முன்னால் வரிசையில் நிற்பவரும் மனுஷன்தானே.

போன மாதம் ராயபுரத்திலிருந்து ஒருவர் வந்து, "ஜட்ஜ் இழுக்கிறார் சார்" என்று ஒரே கொதிப்பு. ஈகோர்ட்ஸ் ஆப்பில் சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி எண்) போட்டு ஒவ்வொரு தேதியாகத் திறந்தோம். பாதி வாய்தா அவர் பக்கம் கேட்டது! ஒரு தேதியில் "மனுதாரர் ஆஜராகவில்லை" என்று இருந்தது, அன்றைக்கு எங்கே போனீர்கள் என்றால், பொன்னேரியில் மச்சினி வளைகாப்பாம். இதை எடுத்துக்கொண்டு ஹைகோர்ட் போனால் அங்கே முதலில் அந்தத் தேதியைத்தான் கேட்பார்கள். எத்தனை தடவை சொன்னாலும் காதில் ஏறுவதில்லை: எந்தத் தேதி, யார் கேட்டார்கள், என்ன காரணம் என்று ஒரு நோட்டில் எழுதுங்கள். தவறாமல் போங்கள். எதிர்த்தரப்பு கவுண்டர் (பதில் மனு) போடாமல் இழுத்தால் ஆட்சேபம் தெரிவித்து, அது பதிவாகிறதா பாருங்கள். அந்த நகல்களோடு வாருங்கள், அப்புறம் சி.ஆர்.பி. (ஹைகோர்ட்டில் போடும் சிவில் சீராய்வு மனு) பற்றிப் பேசலாம்.

மனமொத்த விவாகரத்துக்கு ஆறு மாதம் காத்தே ஆக வேண்டுமா? (திருவொற்றியூர்)

வேண்டியதில்லை. ஒன்றரை வருஷம் பிரிந்திருந்து, சமரசம் தோற்று, பிள்ளை, பணம் எல்லாம் பேசி முடிந்திருந்தால் தளர்த்தக் கேட்கலாம். 2017-லிருந்து வழி இருக்கிறது.

ஜட்ஜ் இரண்டு வாய்தா மறுத்துவிட்டார். பாரபட்சம் என்று வேறு கோர்ட்டுக்கு மாற்ற முடியுமா? (பழைய வண்ணாரப்பேட்டை)

வாய்தா மறுப்பது பாரபட்சம் இல்லை. மேலே வியாசர்பாடிக்காரர் இப்படி ஒரு ஜட்ஜைத்தான் தேடுகிறார்.

வக்கீல் வைக்கக் காசில்லை. (கொருக்குப்பேட்டை)

பெண்களுக்கு வருமான வரம்பே கிடையாது அம்மா, சட்ட உதவி மையத்தில் மனுக் கொடுங்கள், ஆதார் நகலோடு.