கினுயோ தனாகாவின் ஆறு படங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஜப்பானிய இயக்குநர் மிசோகுச்சி பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு அவருடைய 'ஓஹருவின் வாழ்க்கை', 'சான்ஷோ' இரண்டையும் பார்த்தேன். கடலைப் பார்த்தபடி பிள்ளைகளின் பெயரைக் கூவும் அந்தத் தாய் மனதைவிட்டுப் போகவில்லை. அந்த நடிகை கினுயோ தனாகா ஆறு படங்களை இயக்கியிருக்கிறார் என்று பிறகுதான் தெரிந்தது. பெரிய நடிகை ஒருவர் ஆசைக்குச் செய்து பார்த்ததா அது? அல்லது மிசோகுச்சியிடம் கற்றதன் தொடர்ச்சியா? எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்?

கே., திருச்சி

அன்புள்ள கே.,

ஆசைக்குச் செய்ததல்ல. மிசோகுச்சியின் தொடர்ச்சி என்பதை இன்னும் அழுத்தமாக மறுப்பேன். தன் படங்களில் இத்தனை ஆண்டுகள் நடித்தவர் இயக்குநராவதை, இயக்குநர் சங்கத் தலைவராக இருந்த மிசோகுச்சி வெளிப்படையாகவே எதிர்த்தார். இத்தனைக்கும் ஜப்பானின் முதல் பெண் இயக்குநரான தசுகோ சகானே (1936) அவரிடம் உதவியாளராக இருந்தவர்தான்! கைகொடுத்தவர்கள் வேறு. 'அண்ணனும் தங்கையும்' (1953) படப்பிடிப்பில் இயக்குநர் நருசே கினுயோவை உதவியாளராகச் சேர்த்துக்கொண்டார். நாடறிந்த நட்சத்திரம், 43 வயதில் தொழில் பழகப் போய் நிற்கிறார். முதல் படமான 'காதல் கடித'த்துக்கு இயக்குநர் கினோஷிதா திரைக்கதை எழுதினார். இரண்டாவது படமான 'நிலா எழுந்தது' திரைக்கதையில் இயக்குநர் ஓசுவின் கை உண்டு.

1909இல் ஷிமோனோசெகியில் பிறந்து, 14 வயதில் மௌனப்படத்துக்கு வந்தவர் கினுயோ. ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படத்தில் (1931) மனைவியாக நடித்தவரும் அவரே. எனக்கு முக்கியமானது 1944இல் கினோஷிதா எடுத்த 'ராணுவம்'. போர்ப் பிரச்சாரத்துக்காக எடுக்கச் சொன்ன படம். கடைசியில், அணிவகுத்துப் போகும் மகனைத் தேடித் தாய் கூட்டத்தை இடித்துக்கொண்டு ஓடுகிறாள். பெருமிதத்தோடு வழியனுப்பும் தாயை எதிர்பார்த்த ராணுவத்துக்கு அது பிடிக்கவில்லை. அரசு சொல்லவந்த அத்தனையையும் ஒரு முகம் கவிழ்த்துவிட்டது.

மிசோகுச்சியின் பெண்கள் வீழ்கிறார்கள், கேமரா விலகி நின்று இரங்குகிறது. மகத்தான இரக்கம்தான், மறுக்கவில்லை. ஆனால் கினுயோவின் பெண்களுக்கு வேண்டியது இரக்கமல்ல. அவர்கள் ஆசைப்படுகிறார்கள். 1955இல் வந்த 'மார்பகங்களே, நிலைத்திருங்கள்' படத்தைப் பாருங்கள் (ஆங்கிலத்தில் 'ஃபாரெவர் எ வுமன்' என்று தேடினால் கிடைக்கும்). மார்பகப் புற்றுநோயால் 1954இல், 31 வயதில் இறந்த ஹொக்கைடோ கவிஞர் ஃபுமிகோ நகாஜோவின் கதை. திரைக்கதை எழுதிய சுமியே தனாகாவும் பெண். அறுவைசிகிச்சைக்குப் பின் நாயகி தோழியின் வீட்டில் குளிக்கிறாள். தோழியின் இறந்துபோன கணவனை அவள் மனதுக்குள் விரும்பியிருந்தாள். அவன் குளித்த அதே தொட்டி. வேண்டுமென்றே தன் மார்பைத் தோழி காணும்படி செய்கிறாள். தோழி அதிர்ந்து முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள், இவள் சிரிக்கிறாள். அந்தச் சிரிப்பில் குரூரம் இருக்கிறது, பழைய ஆசை இருக்கிறது, விடுதலைகூட இருக்கிறது. நோயாளி என்றால் பொறுமையின் வடிவம் என்று காட்டிவந்த மெலோடிராமாவில் இப்படி ஒரு காட்சியை 1955இல் எடுத்திருக்கிறார்! சாகும் தறுவாயிலும் அவள் ஓர் ஆணை அழைத்துக்கொள்கிறாள். கினுயோ அதற்கு மன்னிப்புக் கோருவதில்லை.

எல்லாமே இந்த உயரத்தில் இல்லை. 'நிலா எழுந்தது' இனிமையான படம், ஆனால் ஓசுவின் வாசனை அதிகம். 1960இல் எடுத்த 'அலையும் இளவரசி'யில் உடைகளும் வண்ணமும்தான் எனக்கு நினைவிருக்கின்றன. 1961இல் வந்த 'பெண்களின் இரவு' வேறு ரகம். பாலியல் தொழிலைத் தடைசெய்த சட்டத்துக்குப் பிறகு மறுவாழ்வு இல்லத்துக்கு அனுப்பப்பட்டவர்களின் கதை. மிசோகுச்சியின் 'இரவின் பெண்கள்' (1948) படத்தில் தெருவில் நிற்கும் பெண்ணாக நடித்தவர், சட்டம் வந்தபின் அப்பெண்கள் என்ன ஆனார்கள் என்று தானே கேட்கிறார். வேலைக்குப் போன இடமெல்லாம் நாயகியின் கடந்தகாலம் முன்னால் வந்து நிற்கிறது. 1974இல் கெய் குமாய் இயக்கிய 'சண்டகான் எண் 8' படத்தில், இளம்வயதில் போர்னியோவுக்கு விற்கப்பட்டுத் திரும்பிவந்த கிழவியாக நடித்தார். அதற்காக 1975இல் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக்கரடி கிடைத்தது. 1948, 1961, 1974 ஆண்டுகளின் இந்த மூன்று படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்கவேண்டும் என்பேன்.

நீங்கள் 'காதல் கடிதம்' (1953) படத்தில் தொடங்குங்கள். அமெரிக்கா திரும்பிவிட்ட சிப்பாய்களுக்கு ஜப்பானியப் பெண்கள் அனுப்பும் கடிதங்களை ஆங்கிலத்தில் எழுதித் தரும் ஒருவன், கடிதம் கேட்டு வந்தவளின் குரலில் தன் பழைய காதலியைக் கண்டுகொள்கிறான். பிற்பாதியில் பேச்சு கொஞ்சம் அதிகம்தான், ஆனால் தெருவில் எடுத்த டோக்கியோவின் ஷிபுயா பகுதி அபாரம். கடிதம் எழுதவைக்க வரும் பெண்களில் ஒருவராகக் கினுயோவும் வருகிறார். ஆறு படங்களும் சீரமைக்கப்பட்டுவிட்டன. மங்கலான பழைய பிரதியில் பார்க்காதீர்கள்.