பழைய காட்சிகளைப் புதிய படத்தில் வைப்பது: கேள்வி பதில்

கேள்வி: 1940களின் செய்திப்படத் துண்டு ஒன்று இணையத்தில் கிடைத்தது. என் ஆவணப்படத்தில் சேர்க்கலாமா? ‘பழசுதானே, யார் கேட்கப்போகிறார்கள்’ என்கிறான் நண்பன்.

பதில்: நண்பர் பேச்சைக் கேட்காதீர்கள். பழசு என்பதாலேயே உரிமை போய்விடாது. காட்சியின் உரிமை ஒருவரிடம், அதில் ஒலிக்கும் இசையின் உரிமை இன்னொருவரிடம் இருக்கலாம். இணையத்தில் ஏற்றியவர் பெரும்பாலும் இருவருமே இல்லை. அமெரிக்க மத்திய அரசுத் துறைகள் தாமே எடுத்தவற்றுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை கிடையாது. நாசா காட்சிகள் இத்தனை படங்களில் வர அதுவும் ஒரு காரணம். மற்றபடி, உரிமைக்காலம் முடிந்துவிட்டது என்று உறுதியாகத் தெரியாதவரை உரிமம் வாங்கியே ஆகவேண்டும். எத்தனை விநாடி, எந்தெந்த நாடு, தியேட்டரா ஓடிடியா, எத்தனை வருடம் எல்லாவற்றையும் எழுத்தில் வாங்குங்கள். திரைவிழாவுக்கு மட்டும் வாங்கிவிட்டு, படம் விற்ற பிறகு மறுபடி போய் நின்றால் அவர்கள் சொல்வதுதான் விலை.

கேள்வி: மௌனப்படக் காலத்து மனிதர்கள் ஏன் குடுகுடுவென ஓடுகிறார்கள்?

பதில்: அவர்கள் ஒழுங்காகத்தான் நடந்தார்கள். கையால் சுற்றிய கேமராவில் விநாடிக்குச் சுமார் 16 ஃபிரேம் (தனித்தனிப் படங்கள்) பதிவாகியிருந்தால், அதை விநாடிக்கு 24 ஃபிரேமில் ஓட்டும்போது ஒன்றரை மடங்கு வேகம். கை என்பதால் ஒரே ரீலுக்குள்ளும் வேகம் மாறும். ஷாட் ஷாட்டாக நடையைப் பார்த்துத்தான் சரிசெய்யவேண்டும். முதல் உலகப்போர்க் காட்சிகளுக்கு இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2018இல் இதைச் செய்தார். கூடவே வண்ணம் பூசி, உதட்டசைவைப் படிப்பவர்களை வைத்துப் பேச்சும் சேர்த்தார். வேகம் சரி. வண்ணத்தில்தான் எனக்கு மனம் ஒப்பவில்லை: சீருடை நிறத்துக்கு ஆதாரம் உண்டு, அந்தச் சிப்பாயின் கண் நிறத்தை யார் கண்டார்?

கேள்வி: 4:3 (அகலம் 4 பங்கு, உயரம் 3 பங்கு) காட்சியை அகலத்திரைக்கு இழுக்கலாமா?

பதில்: வேண்டாம், முகம் உப்பிவிடும். மேலும் கீழும் வெட்டி 16:9 ஆக்கினாலும் கால்வாசிப் படம் போய்விடும். பக்கத்தில் கறுப்பு இருந்துவிட்டுப் போகட்டும்.

கேள்வி: வர்ணனையே இல்லாமல், முழுக்கப் பழைய காட்சிகளால் ஒரு படம் நிற்குமா?

பதில்: நிற்கும். 2019இல் வந்த ‘அப்பல்லோ 11’ படத்தில் புதிய பேட்டியும் இல்லை, வர்ணனைக் குரலும் இல்லை. அதற்கும் வெகு முன்பே, 1927இல், சோவியத் இயக்குநர் எஸ்ஃபிர் ஷுப், ரஷ்யப் பேரரசர் ஜாரின் குடும்பத்துக்காக எடுத்த காட்சிகளையும் செய்திப்படங்களையும் வைத்தே ஜார் ஆட்சிக்கு எதிரான படத்தைத் தொகுத்தார். விருந்தினர் ஆடிக் களைக்கும் ஷாட்டுக்கு அடுத்து உழைப்பவர்களின் ஷாட், அவ்வளவுதான். ஆகவே எந்தக் காட்சியையும் எடிட்டிங் டைம்லைனில் போடும் முன், யார் எடுத்தது, யாருக்காக, கேமரா யாருடைய பக்கத்தில் நிற்கிறது என்று விசாரியுங்கள். அரசுச் செய்திப்படத்தில் கூட்டம் கைதட்டினால், தட்டாதவர்கள் ஃபிரேமுக்கு வெளியே இருந்திருக்கலாம். ‘அந்தக் காலம்’ என்று காட்டுவதற்காக வேறு ஊர், வேறு வருடத்துக் காட்சியைச் சொருகுவது எனக்கு ஏமாற்றாகவே படுகிறது.

கேள்வி: காட்சியே கிடைக்காத இடத்தை ஏஐ கொண்டு நிரப்பினால்?

பதில்: செய்தால் திரையிலேயே சொல்லிவிடுங்கள். பழைய காட்சிகளைத் தேடித்தரும் தயாரிப்பாளர்களின் அமைப்பான ஆர்க்கைவல் புரொடியூசர்ஸ் அலையன்ஸ் 2024இல் வெளியிட்ட வழிகாட்டுதலும் பார்வையாளரிடம் மறைக்காதீர்கள் என்றுதான் சொல்கிறது. சொல்லாமல் விட்டால், நாளை இன்னொருவர் உங்கள் ஏஐ துண்டை நிஜமென்று எடுத்துத் தன் படத்தில் வைப்பார்.

கேள்வி: ரஃப் கட் (முதல் தோராயத் தொகுப்பு) நிலையில் எதைக் கவனிக்கவேண்டும்?

பதில்: காப்பகம் முதலில் தருவது வாட்டர்மார்க் போட்ட நகல். அதன் காப்பக எண்ணையும் டைம்கோடையும் (ஷாட் எந்த நிமிடம், விநாடியில் வருகிறது என்ற எண்) கோப்பின் பெயரிலேயே எழுதிவையுங்கள். அப்புறம் தரமான ஸ்கேன் வந்ததும் எந்த ஷாட் எதுவென்று தேடி அலையவேண்டாம்.