குறிப்பு சொன்னவர் எழுத உட்கார்ந்தால்...

கேள்வி: ஹாலிவுட் ஸ்டூடியோவில் பல வருடம் ஸ்கிரிப்ட் படித்துத் தேர்வு செய்த அதிகாரிக்கு, சொந்தமாகத் திரைக்கதை எழுதுவது சுலபமாகத்தானே இருக்கும்?

பதில்: பாதி வேலை சுலபம். 110 பக்க ஸ்கிரிப்ட் என்றால் ஏறக்குறைய 110 நிமிடப் படம் என்ற கணக்கு அவர் விரல்நுனியில் இருக்கும். எந்தக் காட்சி செலவை ஏற்றும், எந்த வேடத்துக்கு நட்சத்திரம் ஒப்புக்கொள்வார் என்பதும் தெரியும். ஸ்டூடியோவின் கதை இலாகாவில் ஒவ்வொரு ஸ்கிரிப்டுக்கும் கதையை ஒரே வரியில் சொல்லும் ஒன்லைன், ஓரிரு பக்கக் கதைச்சுருக்கம், அதன்கீழ் அபிப்பிராயம், கடைசியில் 'வேண்டாம்', 'யோசிக்கலாம்', 'எடுக்கலாம்' என்ற மூன்றில் ஒரு தீர்ப்பு எழுதுவார்கள். அந்தப் பழக்கம் குறையைக் கண்டுபிடிக்கும் கண்ணைத் தரும்.

அந்தக் கண்தான் எழுதும்போது காலை வாரிவிடும். "மகளுக்கு அப்பா மேல் இன்னும் கோபம் வேண்டும்" என்று குறிப்பு எழுத ஒரு நிமிடம் போதும். எழுத்தாளர் அதைக் கண்ணால் பார்க்கிற காரியமாக மாற்றியாக வேண்டும். மகள் மேஜையில் மூன்று தட்டு வைக்கிறாள்; வாசலில் அப்பாவின் செருப்புச் சத்தம் கேட்டதும் ஒன்றை எடுத்துத் திரும்ப அலமாரியில் வைக்கிறாள். வசனமே வேண்டாம். முன்னாள் அதிகாரிகளின் முதல் டிராஃப்டில் அடிக்கடி காணாமல் போவது இந்தத் தட்டுதான். அதற்குப் பதில் மகள் தன் கோபத்தை அரைப் பக்கம் வசனமாகப் பேசிக்கொண்டிருப்பாள். குறிப்பில் எழுத வேண்டியது பாத்திரத்தின் வாய்க்கு வந்துவிடுகிறது.

நாளைக்கு 5 பக்கம் எழுதினால் 22 நாளில் டிராஃப்ட் முடியும். அதுவரை எழுதிய பக்கத்தைத் திரும்பப் படிக்காமல் இருப்பது நல்லது. முடித்தபின் இரண்டு வாரம் எடுத்து வைத்துவிட்டு, அப்புறம் பழைய தொழில் கண்ணோடு அபிப்பிராயம் எழுதிப் பார்க்கலாம். இரண்டு வேலையையும் ஒரே நாளில் செய்தால் முதல் 30 பக்கம் மெருகேறிக்கொண்டே இருக்கும், மீதி வராது.

கேள்வி: இப்படி மாறி வென்றவர்கள் யார்?

பதில்: டேவிட் ஓ. செல்ஸ்னிக் பாரமவுண்ட், ஆர்.கே.ஓ., எம்.ஜி.எம். என்று ஸ்டூடியோ ஸ்டூடியோவாகப் பதவி வகித்து, 1935-ல் சொந்த நிறுவனம் தொடங்கியவர். 1939, 1940 ஆகிய இரண்டு வருடங்களின் சிறந்த பட ஆஸ்கரும் அவர் தயாரித்த படங்களுக்கே. பிறகு 1944-ல் 'சின்ஸ் யூ வென்ட் அவே' படத்துக்குத் தானே திரைக்கதை எழுதினார். படம் ஏறக்குறைய மூன்று மணி நேரம் ஓடும். எழுதுபவரும் பணம் போடுபவரும் ஒருவரே ஆனபின் 'வெட்டு' என்று சொல்ல ஆள் இல்லை. 1946-ல் 'டூயல் இன் தி சன்' படத்துக்கும் அவரே எழுதினார். அவருடைய ஓயாத தலையீடு பொறுக்காமல் இயக்குநர் கிங் விடார் படப்பிடிப்பை விட்டே வெளியேறினார்.

டோர் ஷாரியின் பாதை எனக்கு இன்னும் பிடித்தது. 'பாய்ஸ் டவுன்' கதைக்கு ஆஸ்கர் வாங்கிய எழுத்தாளர் அவர். 1947-ல் ஆர்.கே.ஓ.வின் தயாரிப்புத் தலைவர், 1948-ல் எம்.ஜி.எம்., 1956-ல் அங்கிருந்து நீக்கம். அடுத்து அவர் எழுதியது ஒரு நாடகம். பின்னாளில் அமெரிக்க ஜனாதிபதியான பிராங்க்ளின் ரூஸ்வெல்ட் இளம்பிள்ளைவாதத்தோடு போராடியதைச் சொல்லும் 'சன்ரைஸ் அட் காம்போபெல்லோ' 1958-ல் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் ஏறி டோனி விருது பெற்றது. 1960-ல் அவரே திரைக்கதை எழுதிப் படமாகவும் தயாரித்தார். நாடகத்தைத் தேர்ந்தெடுத்ததன் லாபத்தைக் கவனியுங்கள். ஸ்டூடியோ சம்பளத்துக்கு எழுதும் ஸ்கிரிப்டின் காப்புரிமை ஸ்டூடியோவுக்குப் போய்விடும்; நாடகத்தின் காப்புரிமை எழுதியவரிடமே இருக்கும். பதவி போனவருக்கு அதைவிடப் பெரிய முதல் இல்லை.

கேள்வி: அதிகாரியாக இருந்தபோது வளர்த்த கதையை, வெளியேறும்போது கையோடு கொண்டுபோகலாமா?

பதில்: சும்மா கொண்டுபோக முடியாது, அது ஸ்டூடியோவின் சொத்து. ஸ்டூடியோ அதைக் கைவிட்டால் 'டர்ன்அரவுண்ட்' முறையில் வாங்கலாம். இதுவரை ஆன செலவையும், வழக்கமாக வட்டியையும் கொடுக்க வேண்டும். ஷாரி செய்ததும் ஏறக்குறைய இதுதான். ஆர்.கே.ஓ.வை வாங்கிய ஹோவர்ட் ஹியூஸ் 'பேட்டில்கிரவுண்ட்' என்ற போர்க்கதையைக் கிடப்பில் போட்டார். ஷாரி ராஜினாமா செய்து, உரிமையை வாங்கி எம்.ஜி.எம்.முக்கு எடுத்துப்போனார். போர்ப் படம் மக்களுக்குச் சலித்துவிட்டது என்றார் எம்.ஜி.எம். தலைவர் லூயி பி. மேயர். 1949-ல் படம் வந்து பெரிய வசூல் பார்த்தது. ராபர்ட் பிரோஷுக்குக் கதை, திரைக்கதைக்கான ஆஸ்கரும் கிடைத்தது.

கேள்வி: தயாரிப்பாளர் யோசனை சொல்லி ஸ்கிரிப்டை மாற்றினால், டைட்டிலில் எழுத்தாளராகப் பெயர் போட்டுக்கொள்ளலாமா?

பதில்: வாய்மொழி யோசனைக்குப் பெயர் கிடையாது. ஹாலிவுட் எழுத்தாளர்களின் சங்கமான ரைட்டர்ஸ் கில்ட் விதிப்படி தாளில் எழுதப்பட்டதுதான் கணக்கு. வேறொருவர் எழுதிய ஸ்கிரிப்டில் தயாரிப்பாளரோ இயக்குநரோ தன் பெயரையும் கேட்டால், விவகாரம் தானாகவே நடுவர் குழுவுக்குப் போகும். மூன்று எழுத்தாளர்கள் எல்லா டிராஃப்டையும் படிப்பார்கள். எழுதியவர்களின் பெயர் மறைக்கப்பட்டு 'எழுத்தாளர் ஏ', 'எழுத்தாளர் பி' என்றுதான் இருக்கும். சொந்தக் கற்பனையில் உருவான ஸ்கிரிப்டில் பின்னால் வந்து கை வைத்தவர், இறுதி வடிவத்தில் பாதியாவது தன் பங்கு என்று காட்ட வேண்டும். நாவல் போன்ற மூலத்திலிருந்து எழுதியது என்றால் 33 சதவீதத்துக்கு மேல்.

ஆகவே ஒவ்வொரு டிராஃப்டின் முதல் பக்கத்திலும் தேதியும் எழுதியவர் பெயரும் இருக்கட்டும். பழைய கோப்பின் மேலேயே சேமிக்காதீர்கள். தேதி இல்லாத டிராஃப்டை வைத்துக்கொண்டு எந்த வரி முதலில் யாருடையது என்று நிரூபிப்பது மிகவும் கடினம்.