அரசு நிலத்தை எடுத்தால் இழப்பீடு தருவது யார் பொறுப்பு? சந்தை விலை கிடைக்குமா?

பொறுப்பு அரசுடையதுதான். சொத்துரிமை 1978-ன் 44-வது திருத்தத்தோடு அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து போய்விட்டாலும், சட்டப்படி அல்லாமல் யார் சொத்தையும் பறிக்கக் கூடாது என்கிறது அரசியலமைப்பின் 300ஏ பிரிவு. சாலை போடுகிற கான்ட்ராக்டரிடம் போய் நிற்காதீர்கள். விலை நிர்ணயித்து அவார்டு, அதாவது இழப்பீட்டு உத்தரவு, போடுவது நில எடுப்புக்கான வருவாய் அதிகாரி. தேசிய நெடுஞ்சாலை என்றால், பணத்தை அவரிடம் கட்டிய பிறகே நிலத்தைக் கையகப்படுத்த முடியும்.

சந்தை விலை கிடைக்குமா என்பதற்கு எங்கள் கதையைத்தான் சொல்ல வேண்டும். பாலக்கோடு பக்கம் எங்கள் கொல்லையில் 47 சென்ட் நாலுவழிச் சாலைக்குப் போனது. நிலத்தை எடுக்கப்போகிறோம் என்று சொல்லும் 3ஏ அறிவிப்பு வந்தது 2018-ல். மதிப்பு போடுவது அந்தத் தேதியை வைத்துத்தான்.

2013-ன் நில எடுப்புச் சட்டம் கேட்க நன்றாகத்தான் இருக்கும். பத்திரப்பதிவுக்கு அரசு வைத்திருக்கும் கைடுலைன் மதிப்பு, அக்கம்பக்கத்தில் முந்தைய மூன்று வருடம் பதிவான பத்திரங்களில் விலை கூடிய பாதியின் சராசரி, இரண்டில் எது அதிகமோ அது. கிராமப்புறமானால் தூரத்தைப் பொறுத்து 1 முதல் 2 வரை பெருக்க வேண்டும். மரம், கிணறு, கட்டடம் தனி. எல்லாம் கூட்டி வருவதற்கு மேல் 100% ஆறுதல் தொகை. தேசிய நெடுஞ்சாலை எடுப்புகளுக்கும் 2015 ஜனவரி 1 முதல் இதே கணக்குதான்.

ஆனால் எல்லாம் நிற்பது பத்திரத்தில் எழுதிய விலையில். எங்கள் ஊரில் சென்ட் இருபதாயிரத்துக்குக் கைமாறிய நிலத்தைப் பத்திரத்தில் ஐந்தாயிரம் என்று எழுதியிருப்போம், முத்திரைத்தாள் செலவு மிச்சம் என்று. 2017 ஜூனில் அரசு கைடுலைன் மதிப்பை 33% குறைத்தபோது டீக்கடையில் எல்லோருக்கும் சந்தோஷம். அடுத்த வருடமே அதே குறைந்த மதிப்பு எங்கள் அவார்டில் வந்து உட்கார்ந்தது. அரசைத் திட்ட வாயெடுத்த அப்பா, எங்கள் பங்காளி போட்ட பத்திரத்தின் நகலைப் பார்த்ததும் பேச்சை நிறுத்திவிட்டார்.

மரக் கணக்குதான் இன்னும் எரிச்சல். வரப்பில் ஒரு புளியமரம். வந்தவர்கள் அடிமரத்தில் சிவப்புப் பெயின்டில் எண் போட்டு, நாடாவைச் சுற்றிச் சுற்றளவு எடுத்துக்கொண்டு போனார்கள். "சார், வருசம் மூணு மூட்டை புளி வருதுங்க" என்றார் அப்பா. "எழுதிக்கிறேன் பெரியவரே" என்றார் ஒருவர். பட்டியல் வந்தபோது விறகு விலை போட்டிருந்தது. கிணறு பட்டியலிலேயே இல்லை! போனில் தேதியோடு எடுத்து வைத்திருந்த போட்டோவும் அடங்கல் (கிராம நிர்வாக அலுவலரின் சாகுபடிக் கணக்கு) நகலும்தான் கிணற்றைத் திரும்பக் கொண்டுவந்தன.

உங்கள் நிலத்தில் கல் நடுகிறார்கள் என்றால் முதலில் பட்டாவைப் பாருங்கள். தாத்தா பெயரிலேயே இருந்தால் வாரிசுச் சான்று வாங்கி இப்போதே மாற்றுங்கள். எங்கள் பணம் ஒன்றரை வருடம் முடங்கியது அப்படி மாற்றாமல் விட்ட கூட்டுப்பட்டாவால்தான். தேசிய நெடுஞ்சாலை எடுப்பில் ஆட்சேபம் சொல்ல 21 நாள்தான். தொகை போதவில்லை என்றால் ஆர்பிட்ரேட்டரிடம் (தகராறைத் தீர்க்கும் நடுவர்) மனு போடலாம். பெரும்பாலும் கலெக்டர்தான் அவர்.

தொழிற்பேட்டை அமைக்கும் சிப்காட் மாதிரி மாநிலச் சட்டத்தில் எடுப்பதற்கு நடைமுறை வேறு, அதை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். கெயில் நிறுவனத்தின் எரிவாயுக் குழாயும் வேறு கதை. அங்கே நிலம் உங்கள் பெயரிலேயே இருக்கும், 1962 சட்டப்படி குழாய் பதிக்கும் உபயோக உரிமைக்கு மட்டும் சந்தை மதிப்பில் 10%. கிருஷ்ணகிரி, தருமபுரி விவசாயிகள் அவ்வளவு கோபப்பட்டது சும்மா இல்லை.

இன்னொன்று. பணம் வாங்கும்போது "ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். நேரடியாக 2013 சட்டத்தில் எடுத்த நிலமென்றால், அதை எழுதாமல் வாங்கியவர் பிறகு கூடுதல் தொகை கேட்க முடியாது. நாங்கள் எழுதித்தான் வாங்கினோம். புளியமரத்துக்கான மனு இன்னும் நிலுவையில் இருக்கிறது.