இந்திய கிரிக்கெட் வீரர் வெங்கட்ராகவன் டெஸ்ட் கேப்டனாக ஒரு வெற்றிகூடப் பெறாதது ஏன்?

அவர் கேப்டனாக இருந்தது மொத்தம் 5 டெஸ்ட்தான். 2 தோல்வி, 3 டிரா. வெற்றிக்கு மிக நெருங்கியது இங்கிலாந்துக்கு எதிரான 1979 ஓவல் டெஸ்டில். இலக்கு 438. கவாஸ்கர் 221 அடித்தார். ஒரு விக்கெட் இழப்புக்கு 366 என்ற வலுவான நிலை. அடுத்து அனுபவ பேட்ஸ்மேன் விஸ்வநாத்தை அனுப்பாமல், வேகமாக அடிப்பார் என்று கபில்தேவை 4-ஆவதாக இறக்கினார்கள். அவர் பூஜ்ஜியத்தில் வெளியேற, விக்கெட்டுகள் சரிந்தன. விஸ்வநாத் வந்ததோ 6-ஆவதாக! 429/8-இல் ஆட்டம் டிரா. 9 ரன் குறைவு. என் கணிப்பில், சறுக்கியது அந்த வரிசை மாற்றத்தில்தான்.

கேப்டன் பதவி அத்தோடு கவாஸ்கருக்குப் போனது. சென்னைக்காரரான வெங்கட் ஆஃப் ஸ்பின்னராக 57 டெஸ்டில் 156 விக்கெட் எடுத்தவர். பின்னாளில் 73 டெஸ்டுகளில் நடுவராகவும் நின்றார்.